நடித்துச் சம்பாதித்து ஆவணப்படம் எடுப்பது: எத்தனை காலம் ஓடும்?

மாட்டுங்காவாசி எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். மும்பை பவாயில் ஒரு மென்பொருள் நிறுவனத்தில் நல்ல சம்பளத்தில் இருக்கும் என் அக்கா மகன், வேலையை விட்டுவிட்டு ஆவணப்படம் எடுக்கப் போவதாகவும், கைச்செலவுக்கு "மாமாவைப் போல" விளம்பரங்களிலும் தொடர்களிலும் நடித்துக்கொள்ளப் போவதாகவும் பொங்கலன்று இலை போட்ட நேரத்தில் அறிவித்துவிட்டான். அக்கா என்னோடு பேசி மூன்று வாரம் ஆகிறது. அவனுக்கு என்ன பதில் சொல்வது என்று எனக்கே தெளிவில்லாததால், இந்தத் தொழிலை அறிந்தவர்கள் கூடியிருக்கும் இவ்விடத்தில் என் கணக்கை விரித்து வைக்கிறேன்.

18 ஆண்டுகளில் 4 ஆவணப்படங்கள் எடுத்திருக்கிறேன். ஒன்றுக்கு நல்கை (அறக்கட்டளை போன்றவை தரும் உதவித்தொகை) கிடைத்தது. மற்ற மூன்றும் நடித்த காசு. முப்பதுக்கும் மேற்பட்ட விளம்பரங்கள், ஓர் இந்தித் தொடரில் 140 நாள், திரைப்படங்களில் எண்ணிச் சொல்லக்கூடிய ஆறு காட்சிகள். கோட்டு மாட்டினால் மருத்துவர், கழற்றினால் வங்கி மேலாளர், நெற்றியில் விபூதி வைத்தால் கணக்கு வாத்தியார். மும்பையில் என் வயதுத் தமிழ் முகத்துக்கு இந்த மூன்று வேலைகள்தான் உண்டு. ஆயினும் ஒரு விளம்பரத்தில் ஒரு நாள் நின்றால், அந்தப் பணத்தில் ஓர் ஒளிப்பதிவாளரையும் ஓர் ஒலிப்பதிவாளரையும் ஐந்து நாள் அழைத்துச் செல்லலாம். பணம் 90 நாள் கழித்து, 10 விழுக்காடு வரி பிடித்தம் போக, இரண்டு முறை நினைவூட்டிய பிறகு வரும் என்பது வேறு கதை.

என் சிக்கல் பணத்தில் இல்லை. தாராவியில் விடியற்காலையில் இட்லி அவித்து, மிதிவண்டிக்காரர்களிடம் கொடுத்தனுப்பும் வீடுகளைப் பற்றி என் கடைசிப் படத்தை எடுத்தேன். ஹாரன் அடித்துக்கொண்டு அலுமினியப் பாத்திரத்தோடு வரும் அந்த மிதிவண்டியைப் பார்க்காத மும்பைக்காரர் இருக்க முடியாது. ஆனால் அந்தப் பாத்திரம் எந்த வீட்டில் நிரம்புகிறது என்று பெரும்பாலோர் யோசித்ததில்லை. முதல் நாள் அதிகாலை மூன்று மணிக்கு, ஆவி அடர்ந்த ஒரு பத்தடி அறையில், துணி விரித்த தட்டுகளில் மாவு ஊற்றிக்கொண்டிருந்த அம்மாள் நிமிர்ந்து பார்த்தார். "முட்டிவலித் தைலத்துக்கு வர்றவருதானே நீங்க? அது ஒண்ணும் கேக்கல" என்றார். எல்லோரும் சிரித்தோம். சிரித்து முடித்ததும் அவர் உள்ளே சென்று, தலை வாரி, சரிகைக் கரை வைத்த சேலை கட்டிக்கொண்டு வந்து, கரண்டியை ஒரு தொடர் நாயகியைப் போலப் பிடித்தார். அடுத்த மூன்று நாளும் அவர் இட்லி அவிக்கவில்லை. இட்லி அவிப்பதை எங்களுக்கு நடித்துக் காட்டினார். நான்காம் நாள் நள்ளிரவில் எரிவாயு தீர்ந்து, உருளை கொண்டுவர வேண்டியவன் தொலைபேசியை எடுக்காமல் போக, அந்தக் கோபத்தில்தான் எங்களை மறந்தார். அங்கிருந்துதான் என் படம் தொடங்குகிறது.

ஆகவே என் கேள்வி இது: விலைக்குப் போன முகத்தை வைத்துக்கொண்டு, பிறர் முகத்தை உள்ளபடி பதிவு செய்ய முடியுமா? முடியும் என்றால், ஒருவர் இப்படி எத்தனை ஆண்டுகள் ஓட்டலாம்?

---

தொகுப்புமேசை எழுதியது:

நீங்கள் முகத்தைப் பற்றிக் கவலைப்படுகிறீர்கள். நான் உங்கள் நாட்காட்டியைப் பற்றிக் கவலைப்படுகிறேன். இருபது ஆண்டுகளாகப் படத்தொகுப்பு செய்கிறேன், நடித்துக்கொண்டே ஆவணப்படம் எடுப்பவர்கள் மூவரோடு வேலை செய்திருக்கிறேன். மூவரின் ரஷ்ஷிலும், அதாவது வெட்டாத மூலக் காட்சிகளிலும், ஒரே ஓட்டை. எது நடக்க வேண்டுமோ அது நடந்த வாரத்தில் இயக்குநர் ஃபிலிம் சிட்டி படப்பிடிப்பு வளாகத்தில் வங்கி மேலாளராக உட்கார்ந்திருப்பார்.

ஓர் எடுத்துக்காட்டு. ஒரு கூட்டுக்குடும்பத்தின் வழக்கைப் பற்றிய படம், பெயர் வேண்டாம். இயக்குநர் தம் நேர்காணல்களில் தாமும் சட்டகத்துக்குள் அமர்ந்து கேள்வி கேட்பவர். முதல் கேள்வியில் அடர்ந்த தாடி, அதே நாள் என்று நாங்கள் காட்ட வேண்டிய இரண்டாவது கேள்வியில் மழுங்கச் சிரைத்த கன்னம், மூன்றாவதில் சவரக் கத்தி விளம்பரத்துக்காக அரும்ப விட்ட மூன்று நாள் முள். நான்கு மாதம் அந்தத் தாடியைத் தவிர்ப்பதற்காகவே வெட்டினேன். பார்த்தவர்கள் "கேள்வி கேட்பவரைக் காட்டாமல் விட்ட அழகியல்" என்று பாராட்டினார்கள்.

ஆவணப்பட இயக்குநர் ஆனந்த் பட்வர்தனின் "ஜெய் பீம் காம்ரேட்" படத்தை நினைத்துப் பாருங்கள். 1997 ஜூலை 11 அன்று இங்கே மும்பை ரமாபாய் நகரில் காவல்துறை சுட்டதில் பத்துப் பேர் இறந்தார்கள். அதைத் தாங்காமல் பாடகர் விலாஸ் கோக்ரே தற்கொலை செய்துகொண்டார். 1985இல் வந்த பட்வர்தனின் "பம்பாய்: நமது நகரம்" படத்தில் பாடியவர் அவர். அந்த இழப்பிலிருந்து புறப்பட்ட படம் 2011இல்தான் முடிந்தது, 14 ஆண்டுகள். ஒரு வழக்கு நடந்து தீர்ப்பாகும் வரை, ஒரு தலைமுறைப் பாடகர்கள் வளர்ந்து வரும் வரை காமிராவோடு அங்கேயே கிடந்திருக்கிறார். அப்படிப்பட்ட படத்துக்குத் தேவையான முதல் பொருள் தேதி. அதைத்தான் நீங்கள் நடிப்பு வாய்ப்பு பிடித்துத் தரும் கோஆர்டினேட்டரிடம் விற்றுக்கொண்டிருக்கிறீர்கள். அழைப்பு முந்தின நாள் இரவு ஒன்பது மணிக்கு வரும், மறுநாள் காலை ஆறு மணிக்குப் படப்பிடிப்பு. அக்கா மகனிடம் இதைச் சொல்லுங்கள்.

---

பழையரீல் எழுதியது:

இருவர் சொல்வதிலும் உண்மை உண்டு. வயதில் மூத்தவன் என்ற உரிமையில் கொஞ்சம் பின்னோக்கிப் போகிறேன்.

1948இல் தொடங்கப்பட்ட அரசு ஆவணப்பட நிறுவனமான ஃபிலிம்ஸ் டிவிஷன் மும்பை பெடர் சாலையில் கோலோச்சிய காலத்தில், ஆவணப்படக்காரர் என்றால் மாதச் சம்பளம் வாங்கும் அரசு ஊழியர், அல்லது அவர்களிடம் ஒப்பந்தம் பெற்றவர். திரையரங்குகள் படத்துக்கு முன் அந்தச் செய்திப்படங்களைக் காட்டியே ஆக வேண்டும் என்பது விதி. தமிழ் உள்படப் பல மொழிகளில் விளக்கவுரை பதிவாகும். மாட்டுங்காவில் சபா நாடகங்களில் நடித்துக்கொண்டிருந்த நான் அப்படித்தான் உள்ளே போனேன், குரல் கொடுக்க. பக்ரா நங்கல் அணை பற்றியும் பயிர்ப் பூச்சி பற்றியும் ஒரே தொனியில் வாசித்திருக்கிறேன். ஊரில் டூரிங் டாக்கீஸில் என் குரலைக் கேட்ட என் தந்தை, "யாரோ ரேடியோக்காரன் போலப் பேசுகிறான்" என்றாராம். அது மகன் குரல் என்று அவருக்குத் தெரியவில்லை.

அரசு இயந்திரம்தான் என்று ஒரேயடியாகத் தள்ளிவிடவும் முடியாது. எஸ். சுக்தேவ், எஸ்.என்.எஸ். சாஸ்திரி, பிரமோத் பதி போன்றவர்கள் அங்கிருந்துகொண்டேதான் துணிந்து பார்த்தார்கள். ஓவியர் எம்.எஃப். ஹுசைன் 1967இல் எடுத்த குறும்படம் பெர்லின் திரைப்பட விழாவில் தங்கக் கரடி விருது வாங்கியதும் அந்த வீட்டிலிருந்துதான். ஆனால் சம்பளம் கொடுத்தவர் கதையைச் சொல்லும் உரிமையையும் எடுத்துக்கொண்டார். நெருக்கடி நிலைக்குப் பிறகு அதை உதறிவிட்டு வெளியேறிய தலைமுறைக்குச் "சுயாதீனம்" என்ற சொல் கிடைத்தது, சம்பளம் கிடைக்கவில்லை. அப்போது 16 மி.மீ. படச்சுருள் 400 அடி ஓடினால் 11 நிமிடம். ஒரு சுருள் முடிந்து அடுத்ததை மாட்டுவதற்குள் பேசியவர் எழுந்து போய்விடுவார். எனவே எதை எடுப்பது என்பதைக் காசுதான் தீர்மானித்தது. பிறகு 60 நிமிட மினி டி.வி. (MiniDV) வீடியோ நாடா வந்தது. 2008க்குப் பின் புகைப்படக் காமிராவிலேயே படம் பிடிக்கலாம் என்று ஆனது. கருவி மலிந்தது, ஆனால் இயக்குநர் மும்பையில் வாடகை கொடுக்க வேண்டியிருப்பது மலியவில்லை.

பெடர் சாலை நிறுவனமே 2022இல் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு இணைக்கப்பட்டுவிட்டது. அந்த வளாகத்தில் இப்போது திரைப்பட அருங்காட்சியகம் இருக்கிறது. சென்ற ஆண்டு பேத்தியோடு போயிருந்தேன், நுழைவுச் சீட்டு வாங்கிக்கொண்டு. ஆகவே நடித்துச் சம்பாதிப்பதில் எனக்குக் குறையொன்றும் தெரியவில்லை. அரசுச் சம்பளம் வாங்கி அணையைப் புகழ்வதை விட, தைலம் விற்ற காசில் இட்லியைப் பற்றி உண்மையாக எடுப்பது மேல்.

---

மேடைக்காரி எழுதியது:

இதுவரை பேசிய மூவரும் ஆண்கள் என்பதையும், மூவருக்குமே நடிப்பு என்பது கூலி வேலை என்பதையும் கவனித்துக்கொண்டேதான் வந்தேன். "விலைக்குப் போன முகம்" என்று எழுதியிருக்கிறீர்கள். நான் 15 ஆண்டுகளாக நாடகத்திலும் படங்களிலும் நடிக்கிறேன். இரண்டு ஆவணப்படங்களும் எடுத்திருக்கிறேன். எனக்கு இரண்டும் ஒரே கைத்தொழிலின் இரு பக்கங்கள்.

ஆராம் நகர் தெரியுமல்லவா? வெர்சோவாவில் பழைய ஒற்றைமாடி வீடுகளையெல்லாம் ஆடிஷன் அறைகளாக மாற்றி வைத்திருக்கும் இடம். வாசலில் செருப்புகளின் குவியல், உள்ளே நீலத்திரை, நெஞ்சுக்கு நேராகப் பிடித்த பலகையில் பெயர், உயரம், தொலைபேசி எண். "இடது பக்கம் திரும்புங்கள், வலது பக்கம், கைகளைக் காட்டுங்கள்." இரண்டு மணி நேரம் காத்திருந்து இரண்டு நிமிடம் நிற்போம். ஒருமுறை ஓர் இளைஞர் எனக்கு எழுதிக் கொடுத்த வசனத்தைக் கண்ணீரோடு பேசச் சொல்லிவிட்டு, நான் பேசிக்கொண்டிருக்கும்போதே மதிய உணவுக்கு என்ன வரவழைப்பது என்று பக்கத்தில் இருப்பவரிடம் கேட்டார். அன்று மாலை ஒரு கைம்பெண்ணின் நேர்காணலுக்குக் குர்லாவுக்குப் போனேன். அவர் அழத் தொடங்கியதும், ஒலிப்பதிவு மட்டத்தைப் பார்க்கக் குனிந்திருந்த என் தலை தானாக நிமிர்ந்தது. காமிராவுக்கு முன்னால் நின்று அவமானப்பட்டவருக்குத்தான் பின்னால் எப்படி நிற்க வேண்டும் என்று தெரியும் என்பது என் கட்சி.

அந்த அம்மாள் சேலை மாற்றிக்கொண்டு வந்ததை நீங்கள் தோல்வியாக எழுதுகிறீர்கள். நான் அந்தச் சேலையைப் படத்தில் வைத்திருப்பேன். அதிகாலை மூன்று மணிக்குச் சரிகைச் சேலை கட்டிக்கொண்டு இட்லி அவிக்க ஆசைப்பட்ட பெண் பொய்யானவர், எரிவாயுக்காரனைத் திட்டிய பெண் மட்டும் மெய்யானவர் என்று யார் தீர்மானித்தது?

நடிகரும் அல்லாதவரும் கலந்து நின்றால் என்ன கிடைக்கும் என்பதற்கு நம் ஊரிலேயே 2014இல் வந்த "கோர்ட்" என்ற மராத்திப் படம் இருக்கிறது. அதில் நாராயண் காம்ப்ளே என்ற மக்கள் பாடகராக வந்த வீரா சாதிதார் தொழில்முறை நடிகர் அல்லர். நாகபுரியைச் சேர்ந்த செயற்பாட்டாளர். எதிரில் அரசு வழக்கறிஞராக வந்த கீதாஞ்சலி குல்கர்னி மேடையில் தேர்ந்தவர். யார் நடிக்கிறார், யார் இருக்கிறார் என்ற கேள்வியே அங்கே எழவில்லை. தமிழில் லீனா மணிமேகலை "செங்கடல்" படத்தில் தனுஷ்கோடி மீனவர்களோடு தாமே ஒரு திரைப்பட இயக்குநராகத் தோன்றினார்.

எனவே மாட்டுங்காவாசி அண்ணா, தொழிலைப் பற்றிப் புலம்புங்கள், நானும் சேர்ந்துகொள்கிறேன். நடிப்பைத் தாழ்த்திப் பேசாதீர்கள்.

---

கைபேசிக்காலம் எழுதியது:

இவ்வளவு எதற்கு? கைபேசியில் எடுத்து யூடியூபில் போட்டுவிட்டால் ஆயிற்று. நல்கையும் வேண்டாம், நடிப்பும் வேண்டாம்.

---

தொகுப்புமேசை எழுதியது:

போட்டுவிடலாம். ஒரு மணி நேரப் படத்தை 112 மணி நேரக் காட்சிகளிலிருந்து யார் பொறுக்கி எடுப்பது, அவருக்குச் சோறு யார் போடுவது என்பதே இங்கு பேச்சு.

---

தொண்ணூறடிச்சாலை எழுதியது:

இங்கு எழுதுபவர்களில் தாராவியில் வசிப்பவன் நான் ஒருவனாகத்தான் இருப்பேன் என்று நினைக்கிறேன். திருநெல்வேலியிலிருந்து தோல் பதனிடும் வேலைக்கு வந்த குடும்பம். நான் நான்காம் தலைமுறை. எங்கள் சந்துக்குள் வராத காமிரா இல்லை. வெளிநாட்டுக்காரர், உள்நாட்டுக்காரர், கல்லூரி மாணவர், எல்லோருக்கும் தேநீர் கொடுத்திருக்கிறோம். ஆகவே முகத்தைப் பற்றிய உங்கள் விவாதத்தை எங்கள் பக்கத்திலிருந்து பார்க்கச் சொல்கிறேன்.

தைல விளம்பரத்தில் வந்தவர் காமிராவோடு வந்தால் எங்களுக்கு ஒன்றும் ஆகிவிடாது. இரண்டு நாள் வேடிக்கை பார்ப்போம். எனக்கு உறுத்துவது வேறு. மறுசீரமைப்புத் திட்டத்தில் யாருக்கு வீடு, யாருக்கு இல்லை, யாரை எங்கே அனுப்புவார்கள் என்று எங்கள் வீடுகளில் ஒவ்வொரு இரவும் பேச்சு நடந்துகொண்டிருக்கிறது. இந்த இட்லிப் படத்திலும் அந்தப் பேச்சு வருகிறது. நல்ல பகுதி அது. ஆனால் அதே இயக்குநர் சில ஆண்டுகளுக்கு முன் ஒரு கட்டுமான நிறுவன விளம்பரத்தில், முப்பதாவது மாடி பால்கனியில் நின்று, புது வீட்டுச் சாவியைக் கையில் வாங்கிக் கண் கலங்கும் தகப்பனாக வந்தார். அந்தப் பலகை எங்கள் சாலை முனையிலேயே எட்டு மாதம் நின்றது. படத்தில் அவர் எங்கள் பெரியப்பாவிடம் "வீடு போய்விடும் என்ற பயம் இருக்கிறதா?" என்று கேட்கும்போது, எனக்குப் பலகைதான் ஞாபகம் வந்தது.

இன்னொன்று. படத்தை எங்களுக்கு 90 அடிச் சாலையிலேயே திரை கட்டிக் காட்டினீர்கள், மறுக்கவில்லை; பெரும்பாலானவர்கள் அதைக்கூடச் செய்வதில்லை. ஆனால் காட்சியை இரவு ஒன்பது மணிக்கு வைத்தீர்கள். இரண்டு மணிக்கு எழுந்து அடுப்பு மூட்டுகிறவர்களைப் பற்றிய படம் அது. படத்தில் இருந்தவர்களில் ஒருவர்கூட அந்த நேரத்தில் விழித்திருக்கவில்லை.

---

மாட்டுங்காவாசி எழுதியது:

தொண்ணூறடிச்சாலை அவர்களுக்கு: அந்தத் தகப்பன் நான்தான். 2019. அந்தப் பலகை உங்கள் சாலை முனைக்கு வரும் என்று எனக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் மறுத்திருப்பேனா என்று கேட்டால், அந்த மாதம் மறுத்திருக்க மாட்டேன் என்றே நினைக்கிறேன். அந்தப் பணத்தில் வாங்கிய ஒலிப்பதிவுக் கருவியில்தான் உங்கள் பெரியப்பாவின் குரல் பதிவாகியிருக்கிறது. இதைச் சமாதானமாகச் சொல்லவில்லை. ஒரே சட்டைப்பைக்குள் இரண்டும் கிடந்தன, நான் தனித்தனி என்று எண்ணிக்கொண்டிருந்தேன்.

என் முதல் பதிவில் கேள்வியையே தவறாகக் கேட்டுவிட்டேன் போலிருக்கிறது. தெரிந்த முகமா தெரியாத முகமா என்பதைவிட, அந்த முகம் எதற்காக நின்றது என்பதுதான் படத்துக்குள் வந்து உட்கார்ந்துகொள்கிறது. முட்டிவலித் தைலத்தைச் சிரித்துக் கடந்துவிட்டார்கள். சாவியை அப்படிக் கடக்க முடியாது.

இரவு ஒன்பது மணி விஷயத்தில் எனக்குச் சொல்ல வார்த்தை இல்லை. பன்னிரண்டு இரவுகள் அவர்களோடு விழித்திருந்தவன், திரையிடும் நாளில் ப்ரொஜெக்டருக்கு இருட்டு வேண்டுமே என்று மட்டும் யோசித்திருக்கிறேன்.

மேடைக்காரிக்கு: சரிகைச் சேலைக் காட்சிகள் ஹார்டு டிஸ்கில் பத்திரமாக இருக்கின்றன. இன்று காலை எடுத்துப் பார்த்தேன். அவர் கரண்டியைப் பிடித்திருக்கும் விதத்தில் நான் அன்று காணாத ஒரு மிடுக்கு இருக்கிறது.

---

பவாய்க்காரன் எழுதியது:

நான்தான் அந்த அக்கா மகன். மாமா இணைப்பை அனுப்பி, "முழுவதையும் படித்துவிட்டுப் பேசு" என்றார், படித்துவிட்டேன். எனக்கு இரண்டு நடைமுறைக் கேள்விகள். நடிக்காமலேயே, நல்கைகளை நம்பி இந்தத் தொழிலைச் செய்ய முடியாதா? எடுத்த படத்தைச் சான்றிதழ் இல்லாமல் காட்டினால் என்ன ஆகும்? (அம்மாவும் இதைப் படித்துக்கொண்டிருக்கிறார்.)

---

செம்பூர்க்கோப்பு எழுதியது:

தம்பி, உன் இரண்டு கேள்விகளும் என் வேலைக்குள் வருகின்றன. ஆவணப்படங்களுக்கு விண்ணப்பம் எழுதுவதும், ஒப்பந்தம் பார்ப்பதும், கணக்கு ஒப்படைப்பதும்தான் என் பிழைப்பு.

நல்கையை நம்பலாம், ஆனால் அதற்கும் தனி நடிப்பு வேண்டும். தில்லியில் 2000இல் தொடங்கிய பொதுச் சேவை ஒளிபரப்பு அறக்கட்டளை தூர்தர்ஷனோடு சேர்ந்து எத்தனையோ பேருக்கு முதல் படத்தைக் கொடுத்தது; இன்று நடுவயதில் இருக்கும் ஆவணப்படக்காரர்கள் பலர் அதன் வழியாக வந்தவர்கள். பெங்களூரில் 1993இல் தொடங்கப்பட்ட இந்தியக் கலைகளுக்கான அறக்கட்டளை கலை சார்ந்த ஆய்வுக்கும் படைப்புக்கும் உதவுகிறது. வெளிநாட்டில் ஆம்ஸ்டர்டாம் ஆவணப்பட விழாவின் நிதி, அமெரிக்காவின் சண்டான்ஸ் திரைப்பட அமைப்பின் நிதி ஆகியவை உண்டு. கோவாவில் 2007 முதல் நடக்கும் ஃபிலிம் பஜார் என்ற திரைப்படச் சந்தையில் தயாரிப்பாளர்களைச் சந்திக்கலாம். தில்லியில் காயப்பட்ட பருந்துகளைக் காப்பாற்றும் சகோதரர்களைப் பற்றி ஷௌனக் சென் எடுத்த படம் 2022இல் சண்டான்ஸிலும் கானிலும் பரிசு பெற்று ஆஸ்கர் பரிந்துரை வரை போனதைப் பார்த்துவிட்டு, என்னிடம் வருகிற ஒவ்வொரு இளைஞரும் "சர்வதேசத் தரத்தில்" விண்ணப்பம் கேட்கிறார். இதில் ஓர் ஆபத்து இருக்கிறது. நிதி கேட்டு ஏழு நிமிடம் மேடையில் நின்று, ஐரோப்பியத் தொலைக்காட்சி அதிகாரிகள் முன்னால் தாராவியை ஆங்கிலத்தில் விற்க வேண்டும். எந்தத் துயரம் அவர்களுக்குப் புரியுமோ அந்தத் துயரத்தையே தேடிப் போகும்படி உன் கண் பழகிவிடும். தைலத்தை விற்பதா, துயரத்தை விற்பதா என்று கேட்டால், நான் தைலத்துக்கே வாக்களிப்பேன்.

எதிர்த்திசையில் ஒரு படத்தைச் சொல்கிறேன். மதுரையில் ஒரு தெருவைத் துப்புரவு செய்யும் மாரியம்மாளோடு ஒரு காலைப் பொழுது முழுக்க நடந்து, ஆர்.பி. அமுதன் 2003இல் எடுத்த "பீ". அந்தப் பெயரை உச்சரிக்கவே விழா அறிவிப்பாளர்கள் தயங்குவார்கள். சிறிய காமிரா, அரை மணிக்கும் குறைவான நீளம். எந்த அதிகாரியின் முன்னாலும் ஏழு நிமிடத்தில் விற்கக்கூடிய படம் அல்ல அது.

சான்றிதழுக்கு வருவோம். பொதுவில் காட்டுவதற்குத் தணிக்கைச் சான்று வேண்டும் என்பது 1952ஆம் ஆண்டுச் சட்டம். விழாக்களுக்கு அமைச்சகம் விலக்கு அளிக்கலாம். 2004 மும்பை சர்வதேசத் திரைப்பட விழாவில் இந்தியப் படங்களுக்கு மட்டும் சான்றிதழ் கட்டாயம் என்று சொன்னபோது ஆவணப்படக்காரர்கள் கூட்டாக எதிர்த்தார்கள். அந்த நிபந்தனை விலக்கப்பட்டது. ஆயினும் குஜராத் வன்முறை போன்றவற்றைப் பேசிய பல படங்கள் தேர்வில் விடுபட்டன. அவற்றைத் திரட்டி அதே நாட்களில் தனியே திரையிட்டதுதான் "விகல்ப்". பின்னர் பல ஆண்டுகள் ஜுஹுவில் பிருத்வி நாடக அரங்கின் எதிர்வீட்டில் மாதந்தோறும் திரையிட்டார்கள். இங்கிருக்கும் பலரும் அந்தத் தரையில் உட்கார்ந்து பார்த்திருப்பீர்கள். தொலைக்காட்சி இன்னொரு போர்க்களம். பட்வர்தனின் "தந்தை, மகன், புனிதப் போர்" படத்தைத் தூர்தர்ஷன் ஒளிபரப்ப வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2006இல் சொல்ல வேண்டியிருந்தது. படம் வந்து பத்தாண்டு கடந்திருந்தது. "செங்கடல்" படத்துக்குச் சான்று மறுக்கப்பட்டபோது திரைப்படச் சான்றிதழ் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் காப்பாற்றியது. அந்தத் தீர்ப்பாயத்தையும் 2021இல் கலைத்துவிட்டார்கள். இன்று நேரே உயர் நீதிமன்றம்தான். வழக்கறிஞர் கட்டணத்தையும் படச்செலவில் ஒரு வரியாகப் போட்டுவை.

நடிப்பு ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடும்போதும் ஒன்று பார்க்க வேண்டும். விளம்பரத்தை எத்தனை மாதம், எந்த ஊடகத்தில், எந்த ஊரில் காட்டுவார்கள் என்ற பத்தியைப் படிக்காமல் போடாதே. உன் மாமா அதைப் படித்திருந்தால் சாலை முனைப் பலகையைப் பற்றி முன்பே தெரிந்திருக்கும்.

---

மேடைக்காரி எழுதியது:

கூடவே ஒன்று, பவாய்க்காரருக்கு. வேலையை உடனே விட வேண்டாம். சனிக்கிழமை ஆராம் நகருக்கு வாருங்கள், நான் அழைத்துச் செல்கிறேன். நான்கு ஆடிஷன்கள் கொடுத்துப் பாருங்கள். ஞாயிற்றுக்கிழமை காமிரா இல்லாமல் யாராவது ஒருவர் வேலை செய்வதைக் காலை முதல் மாலை வரை பக்கத்தில் இருந்து பாருங்கள். இரண்டில் எது உங்களைத் தூங்க விடாமல் செய்கிறது என்று திங்கட்கிழமை அம்மாவிடம் சொல்லுங்கள்.

---

தொண்ணூறடிச்சாலை எழுதியது:

மாட்டுங்காவாசி அவர்கள் ஒப்புக்கொண்டதற்கு நன்றி. பெரியப்பாவிடம் வாசித்துக் காட்டினேன்; "சாவியை நிஜமாகவே கொடுத்தார்களா என்று கேள்" என்றார். கேட்டுவிட்டேன்.

மறுதிரையிடலுக்கு வழி இருக்கிறது. இட்லி வேலை காலை பத்துக்குள் முடிந்துவிடும். குளித்துச் சாப்பிட்டு, பதினொன்றரையிலிருந்து ஒன்றரை வரை எல்லோரும் விழித்திருப்பார்கள். எங்கள் தெருக் கல்யாண மண்டபத்தில் சன்னல்கள் உயரத்தில் நான்குதான். தார்ப்பாய் போட்டு அடைத்தால் இருட்டு கிடைக்கும். முகூர்த்தம் இல்லாத ஞாயிறு என்றால் வாடகை குறைவு. அடுத்த மாதம் இரண்டாவது ஞாயிறு காலியாக இருக்கிறது.

---

மாட்டுங்காவாசி எழுதியது:

இரண்டாவது ஞாயிறு உறுதி. சாவி பிளாஸ்டிக், படப்பிடிப்பு முடிந்ததும் கலை உதவியாளர் திரும்ப வாங்கிக்கொண்டார் என்று பெரியப்பாவிடம் சொல்லுங்கள். ஒரு வேண்டுகோள்: திரையிடல் முடிந்து அவர்கள் பேசுவதைப் பதிவு செய்து, சரிகைச் சேலைக் காட்சிகளோடு சேர்த்துப் படத்தின் பின்பகுதியை மாற்றி அமைக்கலாமா என்று யோசிக்கிறேன். பெரியப்பா சம்மதித்தால், இம்முறை அவர் என்னைக் கேள்வி கேட்கட்டும். நான் சட்டகத்துக்குள் உட்காருகிறேன். தொகுப்புமேசை அவர்களுக்கு நேரம் இருக்குமா?

---

தொகுப்புமேசை எழுதியது:

நேரம் இருக்கிறது. மண்டபத்தில் மின்விசிறி ஓசை வரும், காலர் மைக் இரண்டு எடுத்து வாருங்கள். பழைய காட்சிகளில் உங்களுக்குத் தாடி இருக்கிறது. இப்போது வளர்க்கத் தொடங்கினால் இரண்டாவது ஞாயிறுக்குச் சரியாக இருக்கும். இடையில் வங்கி மேலாளர் யாராவது அழைத்தால் எடுக்காதீர்கள்.